கடுகு மழை

ஜெசிந்தாவின் ஒலிப்பதிவு ஸ்டூடியோவுக்குள் போகிறவர்கள் செருப்போடு கைக்கடிகாரத்தையும் வாசலில் கழற்றி வைத்துவிட வேண்டும். முள் ஓடுகிற சத்தம் மைக்கில் விழுந்துவிடுமாம். இந்த 2038-ல் முள் ஓடுகிற கடிகாரம் எவன் கட்டுகிறான் என்று யாராவது கேட்டுவிட்டால் போச்சு, அன்றைக்கு வேலை நடக்காது. ஒரு மழைச் சத்தத்துக்காகக் கொல்லிமலையில் பதினோரு நாள் குடையோடு உட்கார்ந்திருந்தவள், ரயில் சத்தம் வேண்டுமென்றால் ரயிலடிக்கே போகிறவள், தேங்காய் ஓட்டைத் தட்டிக் குளம்புச் சத்தம் செய்து குதிரை ஓட்டுகிறவர்களோடு பேச்சுவார்த்தைகூட வைத்துக்கொள்ளாதவள் என்று சாலிகிராமத்துச் சினிமாக்காரர்கள் அவளைப் பற்றிக் கதை கதையாகச் சொல்வார்கள். "பொய்ச் சத்தம் போடாதே" என்பதுதான் அவள் வகுப்பில் முதல் பாடம். கடைசிப் பாடமும் அதுதான்.

இந்தப் பெயரெல்லாம் ஒரே ஒரு குறும்படத்தால் வந்தது. 'வேணி பேசுகிறாள்.' இருபத்தைந்து வருடத்துக்கு முன் இயக்குநர் அதியமான் எடுத்து, அவள் ஒலி சேர்த்த படம். ஆறே நிமிடம், கறுப்பு வெள்ளை. வடபழனியில் ஒரு சின்ன அடுப்பங்கரை. சன்னலோரம் ஓர் இளம்பெண் உட்கார்ந்து ஓயாமல் பேசிக்கொண்டிருப்பாள். அவள் குரல் கேட்காது. அதற்குப் பதில் ஆஸ்பெஸ்டாஸ் கூரையில் பெய்கிற மழை மட்டும் கேட்கும். மூன்றாவது நிமிடம் திடீரென்று வாய்விட்டுச் சிரிப்பாள். கடைசியில் குனிந்து சட்டகத்தை விட்டே மறைந்துபோவாள். வெறும் சன்னலும் மழையும் இன்னும் நாற்பது விநாடி ஓடி முடியும்.

அதோடு விட்டிருந்தால் நாலு பேர் பார்த்துவிட்டு மறந்திருப்பார்கள். படம் எடுத்த எட்டாம் மாதம் அந்த வேணி மாடியிலிருந்து விழுந்து செத்துப்போனாள். துணி எடுக்கப் போனவள் கால் தவறி விழுந்துவிட்டாள் என்றார் கணவர் தணிகாசலம். வேணியின் பிறந்தவீட்டார் நம்பவில்லை. பிறகென்ன, அவள் அந்த ஆறு நிமிடத்தில் என்னதான் பேசினாள், எதற்குச் சிரித்தாள், ஏன் குனிந்தாள் என்று எழுதாத விமரிசகர் கிடையாது. தன் சாவை அவள் முன்பே அறிந்திருந்தாள் என்று ஒருவர் புத்தகமே போட்டுவிட்டார்.

சனிக்கிழமை காலை பத்து மணிக்கு ஒரு பெண் வாசலில் நின்று, யாரும் சொல்லாமலே கடிகாரத்தைக் கழற்றினாள். இருபத்தெட்டு வயதிருக்கும். தாடையைப் பார்த்ததுமே ஜெசிந்தாவுக்கு ஆளைத் தெரிந்துவிட்டது. அந்தத் தாடையை அவள் எடிட்டிங் மேசையில் நூறு தடவையாவது பார்த்திருக்கிறாள்.

"நான் மிருதுளா, மேடம். வேணியோட பொண்ணு. பிசியோதெரபிஸ்ட்டா இருக்கேன்."

"உட்காரும்மா. காபி குடிக்கிறியா?"

"வேண்டாம் மேடம். ஒரு கையெழுத்து வேணும். அவ்வளவுதான்."

பையிலிருந்து ஒரு ஃபைலை எடுத்தாள். மேலட்டையில் 'மறுசெவி ஆய்வகம்' என்று இருந்தது.

மறுசெவியைத் தெரியாதவர்கள் யார்? அந்த மெஷின் வந்து இரண்டு வருடம்தான் ஆகிறது. சத்தமில்லாத படத்தைக் கொடுத்தால் அந்த இடத்தில் அப்போது என்ன சத்தம் இருந்தது என்று சொல்லிவிடும். பாட்டுப் போட்டு மூடிய பழைய கல்யாண வீடியோக்களை அதில் கொடுத்துக் கேட்டுவிட்டு எத்தனையோ சம்பந்திகள் பேச்சுவார்த்தையை நிறுத்திக்கொண்டார்கள். அரசியல்வாதிகள் போட்டோக்காரர் வந்ததும் மேசையிலிருக்கும் தண்ணீர் கிளாஸை முதலில் எடுக்கச் சொல்கிறார்கள். தண்ணீர் அதிர்ந்தால் பேச்சு வெளியே வந்துவிடும் என்கிற பயம்.

"அம்மா பேசினதை எடுத்துட்டாங்க மேடம்," என்றாள் மிருதுளா. "எனக்கு மூணரை வயசுல அவங்க போயிட்டாங்க. முகம்கூட இந்தப் படத்தாலதான் தெரியும். குரல் கேட்டதே இல்ல. இப்பதான் முதல் தடவையா கேட்டேன். தினமும் பஸ்ல போகும்போது கேக்கறேன்."

போனை மேசைமேல் வைத்துத் தட்டினாள். தெளிவான, இனிமையான பெண் குரல் ஒன்று அறைக்குள் வந்தது. மெல்லிய மழை பின்னால் கேட்டது.

"என்னால முடியல. அவர் என்னை விடமாட்டார். ஒருநாள் மாடிக்குக் கூட்டிட்டுப் போவார், பாருங்க. அன்னிக்குத் தெரியும்…"

மிருதுளா அந்த இடத்தில் கண்ணை மூடிக்கொண்டாள். பிறகு, "இதைக் கேட்டுட்டுத்தான் அப்பாவை ரிமாண்ட்ல வச்சிருக்காங்க," என்றாள். "அப்பாவோட வக்கீல், இது மெஷின் சொல்றது, ஒத்துக்க முடியாதுன்னு சொல்றார். ஆனா ஒரு ஆதாரம் இருக்கு மேடம். நீங்கதான் அது."

"நானா?"

"படத்துல இருக்கிற மழை நீங்க அன்னிக்கு அதே வீட்டுக் கூரைக்குக் கீழ நின்னு பதிவு பண்ணது. பழைய விழா மலர்லயே அச்சாகி இருக்கு. மெஷினுக்கு நாங்க சத்தத்தைக் குடுக்கல, படத்தை மட்டும்தான் குடுத்தோம். அது தானா எடுத்த மழையும் உங்க மழையும் துளிக்குத் துளி ஒண்ணா இருக்கு. அப்படின்னா மெஷின் எடுத்தது நிஜம்தானே? அன்னிக்கு மழை பெஞ்சுதான்னு வானிலை ஆபீஸ்ல கேட்டோம். ஆங்காங்கே பெஞ்சிருக்கலாம்னு சொல்லிட்டாங்க. வடபழனியில பெஞ்சா சாலிகிராமத்துல பெய்யாது, அவங்க என்ன பண்ணுவாங்க? நீங்க, 'ஆமா, அன்னிக்கு அங்க நான் பதிவு பண்ணேன்'னு எழுதிக் கையெழுத்துப் போட்டுட்டா போதும்."

குரல் ஓடிக்கொண்டே இருந்தது. இரண்டு நிமிடம் பதினோரு விநாடியில், மழைக்கு நடுவே, 'ணங்' என்று ஒரு சின்னச் சத்தம் வந்தது. விமரிசகர்கள் கொண்டாடிய சத்தம் அது. பாத்திரத்தில் விழும் ஒற்றைத் துளி என்று எழுதியிருந்தார்கள்.

ஜெசிந்தா கையை நீட்டிப் போனை நிறுத்தினாள். "ரெண்டு நாள் டைம் குடும்மா," என்றாள்.

அவளுக்கு யோசிக்க எதுவும் இல்லை, பயப்படத்தான் இருந்தது. ஏனென்றால் படம் எடுத்த அன்றைக்கு ஜெசிந்தா வடபழனிப் பக்கமே போகவில்லை. நூற்றிரண்டு டிகிரி காய்ச்சலோடு தன் அறையில் படுத்துக் கிடந்தாள். அதியமான் கேமராவின் மைக்கை அணைத்துவிட்டுப் படத்தை மட்டும் எடுத்துக்கொண்டு வந்தான். "படம் தனியாப் பிறக்கணும், சத்தம் தனியாப் பிறக்கணும். நீ உனக்குத் தோணுறதைப் போடு," என்றான். விழாவுக்கு அனுப்ப மறுநாள்தான் கடைசி நாள். அவள் என்ன செய்வாள்? எழுந்து உட்கார்ந்து, ஒரு அலுமினியத் தாம்பாளத்தைச் சாய்த்துவைத்து, அரைக் கிலோ கடுகை மேலிருந்து மெல்லக் கொட்டினாள். அச்சு அசல் மழை. ஒரு கடுகு மட்டும் துள்ளிப் போய், தெர்மாமீட்டர் போட்டிருந்த எவர்சில்வர் டம்ளரில் பட்டு 'ணங்' என்றது. அழகாயிருக்கிறதே என்று விட்டுவிட்டாள்.

விழா மலரில் அதியமான் பெருமைக்கு, 'நேரடிக் களப்பதிவு: ஜெசிந்தா' என்று போட்டுவிட்டான். பரிசு மழைக்கும் சேர்த்துக் கிடைத்தது. மேடையில் போய், "அது கடுகுங்க" என்று எப்படிச் சொல்வது? பிறகு சொல்லிக்கொள்ளலாம் என்றிருந்தாள். அந்தப் 'பிறகு' இருபத்தைந்து வருடம் ஓடிவிட்டது. அதற்கப்புறம் கொல்லிமலையில் பதினோரு நாள் உட்கார்ந்ததெல்லாம் அந்த அரைக் கிலோ கடுகுக்காகத்தான். அதியமானும் மாரடைப்பில் போய் ஒன்பது வருடமாகிறது. உலகத்தில் இது தெரிந்தவள் இப்போது அவள் ஒருத்திதான்.

திங்கட்கிழமை ஜமாலைப் பார்க்கப் போனாள். அவளிடம் படித்தவன். மறுசெவி ஆய்வகத்தில் இப்போது பெரிய பொறுப்பில் இருக்கிறான். கேன்டீனில் பஜ்ஜி வாங்கிக் கொடுத்தான்.

"ஜமால், இந்த மெஷின் எப்படி வேலை செய்யுதுன்னு எனக்குப் புரியற மாதிரி சொல்லு. விளம்பரத்துல வர்றதைச் சொல்லாத."

அவன் சிரித்தான். "சத்தம் பட்டா எல்லாப் பொருளும் ஆடும் மேடம். கண்ணுக்குத் தெரியாத ஆட்டம். வேணி படத்துல சன்னல் ஆணியில ஒரு பால் கவர் தொங்குது பாருங்க, கழுவிக் காயப்போட்டது. அது பேச்சுக்கு ஏத்த மாதிரி ஆடியிருக்கும். அந்தக் காலத்து டிஜிட்டல் கேமரா படத்தை மேலிருந்து கீழே வரிவரியாத்தான் படிக்கும். ஒவ்வொரு வரிக்கும் ஒரு துளி நேர வித்தியாசம். அந்த வரிகள்ல இருந்து ஆட்டத்தைப் புடிச்சு, ஆட்டத்துல இருந்து சத்தத்தைப் புடிக்கறோம்."

"எல்லாமே அப்படித்தான் வருதா?"

பஜ்ஜியைத் தட்டில் வைத்தான். "இல்ல. கிடைக்கறது கொஞ்சம். மீதியை மெஷின் நிரப்பிக்கும்."

"எதை வச்சு நிரப்பும்?"

"அது ஏற்கெனவே கேட்டது, பார்த்தது, படிச்சது எல்லாத்தையும் வச்சு. இன்டர்நெட்ல இருக்கிற எல்லாப் படத்தையும் அதுக்குப் போட்டுக் காட்டியிருக்கோம்."

"வேணி படத்தையும்? சத்தத்தோட?"

ஜமால் தலையை ஆட்டினான். அவளையே பார்த்தான்.

"அந்தப் படத்தைப் பத்தி எழுதின கட்டுரை? அந்தப் புத்தகம்? மாடியில இருந்து விழுந்த செய்தி?"

"எல்லாம் இருக்கும் மேடம். ஆனா மழை பொருந்துச்சே? அன்னிக்கு நீங்க அங்க எடுத்த மழை…"

"அது மழையே இல்ல ஜமால். அது கடுகு."

வகுப்பில் முதல் நாள் அவன் பிளாஸ்டிக் கவரைக் கசக்கி நெருப்புச் சத்தம் செய்து காட்டியபோது, அவள் அவனை எழுந்து வெளியே போகச் சொல்லியிருந்தாள். இருவருக்குமே அது ஞாபகம் வந்தது. பாவம், அவன் அதைச் சொல்லிக் காட்டவில்லை.

"மெஷின் உங்க மழையை ஞாபகத்துல இருந்து எடுத்துப் போட்டிருக்கு," என்றான் மெதுவாக. "அப்ப அந்தப் பேச்சும்…"

"அதைத்தான் நானும் கேக்கறேன்."

"கோர்ட்டுக்குப் போன காப்பி இன்டர்நெட்ல இருந்து எடுத்தது. சைஸைச் சுருக்கி ரொம்ப நசுக்கினது. அதுல பால் கவர் ஒரு வெள்ளைப் பொட்டு, அவ்வளவுதான். கிட்டத்தட்ட முழுசும் ஊகம்தான். ஐயோ, மேடம்!"

ஜெசிந்தா பஸ்ஸில் திரும்பி வரும்போது தனக்குத்தானே வழக்காடிக்கொண்டே வந்தாள். தணிகாசலத்தை அவள் ஒரே ஒருமுறை பார்த்திருக்கிறாள். வேணி செத்த வீட்டில். அழாமல், வந்தவர்களுக்கு நாற்காலி போட்டுக்கொண்டிருந்தார். அப்போதே பிடிக்கவில்லை. அந்த ஆள் தள்ளியே விட்டிருந்தால்? வாயைத் திறந்து ஒரு கொலைகாரனை வெளியே விடப்போகிறாளா? கையெழுத்துப் போட்டால் நியாயமும் நடக்கும், பெயரும் பிழைக்கும். யாருக்கு நஷ்டம்? இப்படி நினைத்தபோது அவளுக்கே வெட்கமாயிருந்தது. ஒரு மனிதரின் ஆயுள் இப்போது அரைக் கிலோ கடுகின்மேல் நிற்கிறது. அந்தக் கடுகைக் கொட்டியது அவள்.

செவ்வாய்க்கிழமை மிருதுளா வந்தபோது மேசைமேல் தாள் இல்லை. ஒரு அலுமினியத் தாம்பாளமும் ஒரு எவர்சில்வர் டம்ளரும் ஒரு பொட்டலமும் இருந்தன.

"கொஞ்சம் கண்ணை மூடிக்கோம்மா."

மூடினாள். ஜெசிந்தா பொட்டலத்தைப் பிரித்துக் கொட்டத் தொடங்கினாள்.

"என்ன கேக்குது?"

"மழை. அம்மாவோட மழை." மிருதுளாவின் முகம் மலர்ந்தது. "ஒரிஜினல் டேப்பைப் போட்டிருக்கீங்களா மேடம்?"

"இப்ப திற."

மிருதுளா கண்ணைத் திறந்தாள். தாம்பாளத்தில் உருண்டோடும் கடுகைப் பார்த்தாள். ஜெசிந்தாவின் கையைப் பார்த்தாள். சத்தம் இன்னும் மழையாகவேதான் இருந்தது. அதைத்தான் அவளால் தாங்க முடியவில்லை.

ஜெசிந்தா எதையும் மறைக்காமல் சொன்னாள். காய்ச்சல், கடைசி நாள், விழா மலர், ஜமால் சொன்னது எல்லாம். சொல்லி முடிக்கிறவரை மிருதுளா நிமிரவே இல்லை.

"அப்ப அந்தக் குரல்?"

"உங்கம்மா குரல் இல்லம்மா. மெஷின் கட்டின குரல்."

"எங்கம்மா என்ன பேசினாங்கன்னு உங்களுக்குத் தெரியுமா?"

"அதியமான் அவங்களை எண்ணச் சொன்னதாச் சொன்னான். நடிச்சுப் பழகாதவங்க வாயசைக்கணும்னா ஒண்ணு ரெண்டுன்னு எண்ணச் சொல்றது எங்க ஆளுங்க வழக்கம். ஆனா நான் அங்க இல்லையே. அவங்க என்ன சொன்னாங்கன்னு எனக்குத் தெரியாது."

"எங்கப்பா தள்ளலேன்னு சொல்றீங்களா?"

"அதுவும் எனக்குத் தெரியாது. இந்தச் சத்தம் அதைச் சொல்லாதுன்னு மட்டும்தான் தெரியும்."

மிருதுளா எழுந்தாள். "இருபத்தஞ்சு வருஷம் உங்களுக்குச் சொல்லத் தோணல. எனக்கு ஒரு அம்மா குரல் கிடைச்சு மூணு மாசம் ஆகுது. அதைப் புடுங்கணும்னு இப்பதான் தோணிச்சா?"

அந்தப் பெண் கடிகாரத்தை எடுக்காமலே போய்விட்டாள்.

வியாழக்கிழமை ஜெசிந்தா நீதிமன்றத்தில் வாக்குமூலம் கொடுத்தாள். வெள்ளிக்கிழமை ஊரே சிரித்தது. 'தாளிச்ச மழை' என்று தலைப்புப் போட்டார்கள். பழைய மாணவர்கள் கடுகுப் பொட்டலத்தைப் படம் பிடித்து அனுப்பினார்கள். இரண்டு கல்லூரிகள் வகுப்பை ரத்து செய்தன. அவளுக்கு அழுகை வந்தது. ஆனால் அன்று மத்தியானம் சாப்பிட்டுவிட்டுப் படுத்தவள் எத்தனையோ வருடத்துக்குப் பிறகு அடித்துப் போட்டது போல் தூங்கினாள். அடுத்த வாரம் தணிகாசலத்துக்கு ஜாமீன் கிடைத்தது. வழக்கு முடியவில்லை. மாடியில் என்ன நடந்தது என்பதற்கு இப்போதும் சாட்சி இல்லை.

பத்து நாள் கழித்து மிருதுளா மறுபடியும் வாசலில் வந்து நின்றாள்.

"கடிகாரத்தை விட்டுட்டுப் போயிட்டேன்," என்றாள். பிறகு, "சுருக்காத ஒரிஜினல் எங்கயாவது இருக்கா மேடம்?" என்று கேட்டாள்.

இருந்தது. அதியமான் சாகுமுன் கொடுத்துவிட்டுப் போன ஹார்ட் டிஸ்க் அலமாரியில் கிடந்தது. தன் பொய்யை மறுபடி பார்க்கத் தைரியமில்லாமல் ஜெசிந்தா அதைத் திறந்ததே இல்லை.

ஜமால் தன் கம்ப்யூட்டரைத் தூக்கிக்கொண்டு ஸ்டூடியோவுக்கே வந்துவிட்டான். பால் கவரைப் பெரிதாக்கினான். ஆய்வகக்காரர்கள் தொடக்கூடாத ஒரு அளவுக் குமிழை அடிவரைக்கும் இறக்கினான்.

"ஊகத்தைப் பூஜ்யத்துக்குக் கொண்டு வந்துட்டேன். அது படிச்சது எதையும் எடுத்துப் போடாது. கவர் ஆடினது மட்டும்தான் வரும். நல்லா இருக்காது மேடம். குடத்துக்குள்ள பேசற மாதிரி இருக்கும்."

"அது போதும்," என்றாள் மிருதுளா.

படம் ஓடியது. மழை இல்லை. கரகரவென்று ஒரு இரைச்சல், எங்கோ ஒரு ஆட்டோ. அதற்குள்ளிருந்து ஒரு குரல் முக்கி முனகி வந்தது. இனிமையாக இல்லை. கொஞ்சம் கட்டைக்குரல்.

"பதினேழு… பதினெட்டு…"

மிருதுளா உதட்டைக் கடித்துக்கொண்டாள். அதியமான் சொன்னது சரிதான். வெறும் எண்ணிக்கை. இத்தனை வருடம், இத்தனை கட்டுரை, ஒரு புத்தகம், ஒரு கொலை வழக்கு. எல்லாம் இந்தப் பதினெட்டின் மேல்தான். ஜெசிந்தாவுக்கு அவளைப் பார்க்கப் பாவமாயிருந்தது. கையை நீட்டி அவள் தோளில் வைக்கலாமா என்று யோசித்தாள்.

"பத்தொம்போது," என்றது கட்டைக்குரல். உடனே அதற்குப் பின்னால், மெல்லிசாக, கீச்சென்று இன்னொன்று வந்தது.

"பத்தொம்போது."

ஜமால் நிறுத்தினான். "எதிரொலியா?"

"இல்ல," என்றாள் ஜெசிந்தா. அவள் காது பொய் சொல்லாது. "கீழேயிருந்து வருது. தரைக்கிட்டருந்து. ஓட விடு."

வேணி ஒரு எண் சொன்னாள், கீச்சுக்குரல் திருப்பிச் சொன்னது. இருபது, இருபது. இருபத்தொண்ணு, இருபத்தொண்ணு. கேமரா பார்க்காத இடத்தில், அம்மாவின் காலடியில், தரையில் யாரோ உட்கார்ந்திருந்தார்கள். படம் மூன்றாவது நிமிடத்துக்கு வந்தது.

"இருபத்தெட்டு." "இருபத்தெட்டு." "இருபத்தொம்போது."

"இருபத்தொம்போது, நூறு! முடிஞ்சிருச்சு, தூக்கு!"

திரையில் வேணி வாய்விட்டுச் சிரித்தாள். எத்தனையோ பேர் எழுதித் தீர்த்த சிரிப்பு. "அடிக் கள்ளி!" என்றது குரல். "ஏமாத்தினா தூக்கமாட்டேன். முப்பதுலருந்து சொல்லு."

மிருதுளா இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டாள். அவள் சிரிக்கிறாளா அழுகிறாளா என்று ஜெசிந்தாவுக்குத் தெரியவில்லை. அவளுக்கும் கண்ணை நீர் மறைத்தது.

எழுபது வந்தது, எண்பது வந்தது. கீச்சுக்குரல் களைத்துப்போய்ப் பாதியைத்தான் திருப்பிச் சொன்னது. தொண்ணூற்றொன்பது. நூறு. வேணி குனிந்து சட்டகத்திலிருந்து மறைந்தாள். வெறும் சன்னலும் பால் கவரும் நின்றன.

"சரி, வா," என்றது குரல். ஏதோ உரசியது. வளையல் குலுங்கியது. "அப்பாடா, என்ன கனம்!" பிறகு பேச்சில்லை. நாற்பது விநாடி, ஒரு குழந்தையின் மூச்சும் அதைத் தட்டிக்கொடுக்கிற கையும் மட்டும் கேட்டன.

படம் முடிந்தது. ஜமால் திரும்பிப் பார்க்காமல் உட்கார்ந்திருந்தான்.

"இன்னொரு தடவை போடுங்க," என்றாள் மிருதுளா. "நூறு சொல்ற இடத்துலருந்து."